வாத்து மெட்டும் வர்பினா மேயரும்

வேலிச்கோ கர்த்தாலோவ் முதன்முதலாகத் திரையில் தோன்றியபோது அவருடைய தொப்பை மட்டும்தான் தோன்றியது.

எங்கள் வர்பினாவுக்கு ரயில் நிலையம் வந்த வருஷம் அது. சோபியாவிலிருந்து செய்திப்படக்காரர்கள் வந்திருந்தார்கள். அமைச்சர் நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். ஊர் மேயர் என்ற முறையில் கர்த்தாலோவ் மீசைக்கு மெழுகு போட்டு, மூச்சைப் பிடித்துக்கொண்டு பக்கத்தில் நின்றார். படக்காரன் மனோல் குறிவைத்தது அமைச்சரின் முகத்தை. ஆகவே படத்தில் அமைச்சரின் முகமும், அதற்குப் பக்கத்தில் கடிகாரச் சங்கிலி போட்ட ஒரு தொப்பையும் வந்தன. கர்த்தாலோவ் என்றால் எங்கள் பக்கத்தில் கழுகு வீட்டுக்காரர் என்று அர்த்தம். "கழுகைக் காணோம், முட்டை மட்டும்தான் படத்துல வந்திருக்கு" என்று மறுநாள் கடைத்தெரு முழுக்க அவரே சொல்லிக்கொண்டு திரிந்தார். மற்றவர்கள் சொல்வதற்கு முன்னால் தானே சொல்லிவிடுவது அவர் வழக்கம். எப்படியும் அடி விழத்தான் போகிறது, நம் கையாலேயே போட்டுக்கொண்டால் வலிக்காத இடமாகப் பார்த்துப் போட்டுக்கொள்ளலாம் இல்லையா?

இரண்டாவது படத்தில் முழு உருவமும் வந்தது. வராமலே இருந்திருக்கலாம். தீயணைப்பு வண்டி வாங்கிய அன்று எடுத்தது. கைப்பிடியைச் சுற்றி எடுக்கும் படத்தில் எல்லோரும் கொஞ்சம் வேகமாகத்தான் நடப்பார்கள். ஆனால் கர்த்தாலோவ் நடக்கவில்லை, குட்டைக் கால்களைப் பரத்திக்கொண்டு, பின்புறத்தை ஆட்டி ஆட்டி, வாத்தாகவே வண்டியை நோக்கி ஓடினார். போதாததற்குக் குழாய் அவர் பக்கம் திரும்பி, ஊர்ப் பெரிய மனுஷனைத் தலையோடு கால் நனைத்தது. சினிமாக் கொட்டகையில் ஜனம் பெஞ்சைத் தட்டித் தட்டிச் சிரித்தது.

அந்தக் கொட்டகையைப் பற்றி இரண்டு விஷயம் சொல்லியாக வேண்டும். முதலாவது, கேப்டன் ஸ்தமாத். பால்கன் போரில் பீரங்கிக்குப் பக்கத்தில் நின்றே இரண்டு காதையும் பறிகொடுத்த மனிதர். உதட்டைப் பார்த்தே பேச்சைப் படித்துவிடுவார். படங்கள் பேசாத காலம் அது. எங்களுக்கெல்லாம் ஊமைப்படம், அவருக்கு மட்டும் பேசும் படம். முன்வரிசையில் சூரியகாந்தி விதை கொறித்துக்கொண்டு உட்கார்ந்து, படித்ததை ஊருக்கே கேட்கும்படி கத்துவார். தீயணைப்பு வண்டிப் படத்தில் "மேயர் நன்றி கூறுகிறார்" என்று எழுத்துப் போட்டார்கள். கேப்டன் விடுவாரா?

"நன்றியாவது மண்ணாங்கட்டியாவது! 'பூட்ஸ் கடிக்குது, சீக்கிரம் முடிச்சுத் தொலைங்கடா'ங்கறான்யா!"

உண்மையில் கர்த்தாலோவ் சொன்னது அதையேதான், எழுத்துப் பிசகாமல்.

இரண்டாவது விஷயம், தெஸ்பினா. திரைக்குக் கீழே பியானோ வாசிப்பவள். எங்கள் ஊரில் பிறந்து, வியன்னாவுக்கு வாழ்க்கைப்பட்டுப் போய், கணவன் செத்தபின் நரைத்த ஒரு கற்றை முடியும் ஒரு பெட்டி இசைக்குறிப்புத் தாள்களுமாகத் திரும்பி வந்தவள். தீயணைப்பு வண்டிப் படத்தில் மேயர் ஓடிவந்ததும் அவள் விரல்கள் சும்மா இருக்கவில்லை. 'தப்பக் தப்பக்' என்று ஒரு மெட்டு வந்து விழுந்தது. அது கச்சிதமாக வாத்து நடை. அதன் பிறகு கர்த்தாலோவ் தெருவில் போனால் ரொட்டிக்கடைக்காரன் முதல் சவரக்கடைக்காரன் வரை அந்த மெட்டைத்தான் சீட்டியடித்தார்கள்.

வேறு மேயராக இருந்தால் கொட்டகையை மூடியிருப்பார். கர்த்தாலோவ் படம் முடிந்ததும் நேராகப் பியானோவுக்குப் பக்கத்தில் போய் நின்று தொப்பியைக் கழற்றினார்.

"அம்மா, ஒரு சின்னக் குறை. மெட்டு கொஞ்சம் மெதுவா இருக்குது. நான் அதைவிட வேகமாத்தான் போறேன்."

தெஸ்பினா பியானோ மூடியில் தலையை வைத்துக்கொண்டு சிரித்தாள். ஊர் திரும்பிய பிறகு அவள் அப்படிச் சிரித்ததை யாரும் பார்த்ததில்லை. அன்று ஆரம்பித்தது. வியாழக்கிழமைதோறும் அவள் வீட்டில் காப்பியும் கரண்டியில் சீமை மாதுளை ஜாமும். மேயர் ஐயா என்பது போய் வேலிச்கோ என்று ஆயிற்று. மனைவி போனபின் வெறும் பெட்டியாகக் கிடந்த மேயரின் வீட்டுக்குள் வியாழக்கிழமை இரவுகளில் மட்டும் யாரோ சீட்டியடிப்பது கேட்டது. அவரேதான். வாத்து மெட்டுதான்.

அவளைக் கல்யாணம் செய்துகொள்ள வேண்டும் என்று ஆசை வந்துவிட்டது. ஆசை வந்தால் கேட்கத்தானே வேண்டும்? மேடையில் நின்று மணிக்கணக்கில் முழங்குகிற மனிதருக்கு அவள் முன்னால் காப்பிக்குச் சர்க்கரை கேட்கவே நாக்கு ஒட்டிக்கொண்டது. கேட்டு, அவள் சிரித்துவிட்டால்? நாம்தான் நம்மைப் பார்த்துச் சிரிக்கக் கற்றுக்கொடுத்திருக்கிறோமே, கழுதே, என்று கண்ணாடியில் தெரிந்தவரைத் திட்டினார்.

கடைசியில் கேட்டது சதுக்கத்தில், குழாய்த் திறப்பு விழாவில். ஊருக்கு மலைத்தண்ணீர் வருகிறது, அமைச்சர் வருகிறார், படக்காரர்கள் வருகிறார்கள். விருந்தாளியை ரொட்டியும் உப்பும் கொடுத்து வரவேற்க வேண்டும். பூவேலைத் துணி போட்ட தட்டை ஏந்தி நிற்கும் பொறுப்பு தெஸ்பினாவுக்கு. பக்கத்தில் மேயர். அமைச்சரின் வண்டி தூரத்தில் தெரிந்ததும் பேண்டுக்காரர்கள் ஆளாளுக்கு ஊதித் தள்ளினார்கள். அந்தச் சத்தத்தில் ஒருவர் பேசுவது பக்கத்தில் நிற்பவருக்கு மட்டும்தான் கேட்கும். இதை விட்டால் வேறு நேரம் கிடையாது என்று கர்த்தாலோவுக்குத் தோன்றியது. குனிந்து, தெளிவாக, ஒவ்வொரு சொல்லாகச் சொன்னார்.

"தெஸ்பினா, என்னைக் கட்டிக்கிறியா?"

அவள் உப்புக் கிண்ணத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள். அது சரிந்துவிடாமல், மெதுவாக, தலையை மேலும் கீழுமாக ஒருமுறை அசைத்தாள்.

எங்கள் ஊரில் ஆமாம் என்றால் தலை பக்கவாட்டில் ஆடும். மேலும் கீழும் அசைந்தால் இல்லை. பால்குடி மறக்காத பிள்ளைக்குக்கூட அது தெரியும். கர்த்தாலோவுக்கு முகம் தொங்கிப் போனது. இருந்தாலும் மரியாதை தெரிந்தவர், ‘சரி, புரிந்தது’ என்று தலையைப் பக்கவாட்டில் ஆட்டிவிட்டு, இன்னும் வந்து சேராத அமைச்சரை வரவேற்க ஓட்டமும் நடையுமாகப் போய்விட்டார். அப்போதுதான் எதிரே கறுப்புத் துணிக்குள்ளிருந்து மனோல் தலையை நீட்டினான். கை இன்னும் கைப்பிடியைச் சுற்றிக்கொண்டிருந்தது.

"பிரமாதம் மேயரே! ரெண்டு பேரும் முழுசா விழுந்திருக்கீங்க! இந்தத் தடவை முகமெல்லாம் தெரியுது!"

அடுத்த இரண்டு வியாழக்கிழமையும் கர்த்தாலோவ் காப்பிக்குப் போகவில்லை. இல்லை என்று சொன்ன வீட்டுக் கதவை எந்த மூஞ்சியோடு தட்டுவது? அலுவலகத்தில் உட்கார்ந்து குழாயில் தண்ணீர் சரியாக வருகிறதா என்று ஜன்னல் வழியாகப் பார்த்துக்கொண்டிருந்தார். தண்ணீர் நன்றாகத்தான் வந்தது. ஊரில் அது ஒன்றுதான் ஒழுங்காக நடந்தது.

அப்படி இருந்தபோது கொட்டகை முதலாளி புக்கோ வந்து எதிர் நாற்காலியில் தொப்பென்று உட்கார்ந்தான்.

"என்னய்யா பண்ணித் தொலைச்சீங்க? தெஸ்பினா போறாளாம். ருஸ்ஸேல பெரிய கொட்டகையாம், பெரிய பியானோவாம். திங்கக்கிழமை ரயில்ல கிளம்பறா. ஞாயித்துக்கிழமை நம்ம குழாய்ப் படம் வருது, அதுக்கு வாசிச்சுட்டு அவ்வளவுதான்."

"குழாய்ப் படமா? ஞாயித்துக்கிழமையா?" மேயர் நாற்காலியை விட்டு எழுந்துவிட்டார். "புக்கோ, என் ராசா, ஒரே ஒரு உபகாரம். அதுல ஒரு சின்ன இடம் வரும், அதைக் கத்தரிச்சு எறிஞ்சிடு."

"ஏன், இந்தத் தடவை என்ன, கால்சட்டையைக் கழட்டிட்டு நின்னீங்களா?"

"அதுன்னா பரவாயில்லயே!" என்று கர்த்தாலோவ் எல்லாவற்றையும் கொட்டிவிட்டார். கேட்டது, அவள் மறுத்தது, கேப்டன் ஸ்தமாத் அதை ஊருக்கே படித்துக் காட்டப் போவது.

புக்கோ மூக்கைச் சொறிந்தான். "மறுத்தாளா? எப்படி மறுத்தா? செஞ்சு காட்டுங்க."

கர்த்தாலோவ் தலையை மேலும் கீழும் அசைத்துக் காட்டினார்.

"அட மக்குப் பண்டாரமே! அவ எந்த ஊர்ல குடித்தனம் பண்ணினா? வியன்னாவுல அதுக்கு ஆமான்னு அர்த்தம்! அவ வந்த புதுசுல ஆலிவ் வேணுமான்னு கடைக்காரன் கேப்பான், இவ இப்படி ஆட்டுவா, அவன் எடுத்து உள்ள வச்சிடுவான். ஒரு மாசம் ஆலிவ் இல்லாமத்தான் சாப்பிட்டா பாவம்!"

"அது வந்த புதுசுல. இப்பல்லாம் நம்ம மாதிரி ஆட்டக் கத்துக்கிட்டாளே!"

"பாதி நேரம் நம்மளை மாதிரி, பாதி நேரம் அவங்களை மாதிரி. பதட்டமா இருந்தா எது வரும்னு அவளுக்கே தெரியாது. போய்க் கேளுங்கய்யா!"

"படத்தை வெட்ட மாட்டியா?"

"ஊர்க் குழாயை ஊர் பார்க்கணும்" என்று சொல்லிவிட்டுப் புக்கோ போய்விட்டான்.

கர்த்தாலோவ் அன்றைக்கே போனார். அவள் வீட்டு வாசலில் கட்டிய பெட்டி தெரிந்தது. தெஸ்பினா கதவைத் திறந்தாள். உள்ளே வரச் சொல்லவில்லை.

"சொல்லுங்க, மேயர் ஐயா."

வேலிச்கோ போய் மறுபடி மேயர் ஐயா ஆகிவிட்டது. வழியெல்லாம் ஒத்திகை பார்த்த வாக்கியம் எங்கேயோ ஓடிப்போனது. "குழாய்த் தண்ணி எப்படி இருக்கு?" என்று கேட்டார்.

"தண்ணி நல்லாத்தான் இருக்கு." அவள் அவரையே பார்த்தாள். "அன்னிக்கு ரொம்ப அவசரமா போயிட்டீங்க."

"அமைச்சர் வந்துட்டாரு இல்ல..."

"அமைச்சர் வந்துட்டுப் போயி ரெண்டு வாரம் ஆச்சு." கதவில் கை வைத்தாள். "வேற எதாவது கேக்கணுமா?"

கேட்க வேண்டியது ஒன்றே ஒன்றுதான். அதைக் கேட்டு, அவள் இந்த முறை வாயாலேயே இல்லை என்று சொல்லிவிட்டால்? இப்போது கையில் இருப்பது பாதி ‘இல்லை’தான். பாதியை வைத்துக்கொண்டாவது மிச்ச நாளை ஓட்டலாம். "இல்லீங்க, தண்ணி பத்தித்தான்" என்றார். கதவு சாத்திக்கொண்டது. டேய் வேலிச்கோ, உன்னைத் தேர்ந்தெடுத்த ஊரைச் சொல்லணும்டா, என்று வீடுவரை தன்னைத்தானே திட்டிக்கொண்டு நடந்தார்.

இனி நம்பிக்கை படம் ஒன்றில்தான். அவள் முகத்தைத் திரையில் ஒருமுறை நிதானமாகப் பார்த்தால் தெரிந்துவிடும், அது வியன்னா ஆட்டமா வர்பினா ஆட்டமா என்று. ஆனால் கேப்டன் வாயை யார் அடைப்பது? ஞாயிறு மதியம் கேப்டன் வீட்டுக்கு ஒரு பெரிய புட்டி பிளம் சாராயம் அனுப்பினார். குடித்துவிட்டுத் தூங்கட்டும் என்று கணக்கு. கேப்டன் குடித்தார். தூங்கவில்லை. வழக்கத்தைவிட இரண்டு மடங்கு உற்சாகமாக, மேயரின் தாராள குணத்தை வழியெல்லாம் புகழ்ந்துகொண்டு, எல்லோருக்கும் முன்னதாக வந்து முன்வரிசையில் உட்கார்ந்துவிட்டார்.

கொட்டகை நிரம்பி வழிந்தது. குழாயில் தண்ணீர் பிடித்தவர்கள் எல்லாம் தாங்கள் படத்தில் வருகிறோமா என்று பார்க்க வந்திருந்தார்கள். கர்த்தாலோவ் நடு வரிசையில், தொப்பியை மூக்குவரை இறக்கிக்கொண்டு உட்கார்ந்தார். விளக்கு அணைந்தது. "வர்பினாவுக்கு நீர் வந்தது" என்று எழுத்து வந்தது. சதுக்கம் வந்தது, பேண்டு வந்தது. மேயர் தட்டுத்தடுமாறி நடந்து வந்து தெஸ்பினாவுக்குப் பக்கத்தில் நின்றார். பியானோவிலிருந்து வாத்து மெட்டு எழுந்தது. ஆனால் கையில் உயிரில்லாமல், கடனே என்று வாசித்தாள். இருந்தாலும் ஜனம் சிரித்தது.

திரையில் மேயர் குனிந்தார். உதடு அசைந்தது.

"ஏய்! ஏய்!" கேப்டன் எழுந்தே நின்றுவிட்டார். "வரவேற்பு பேசறான்னு நினைச்சீங்களா? 'தெஸ்பினா, என்னைக் கட்டிக்கிறியா'ங்கறான்யா!"

கொட்டகை வெடித்தது. பெஞ்சுகள் அதிர்ந்தன, யாரோ விசிலடித்தார்கள், சூரியகாந்தித் தோல் மழையாகப் பறந்தது. பூமி பிளந்தால் இறங்கிவிடலாம் என்று கர்த்தாலோவ் காலடியைப் பார்த்தார். பிளக்கவில்லை. வேறு வழியில்லாமல் திரையைப் பார்த்தார்.

திரையில் தெஸ்பினா தலையை மேலும் கீழும் அசைத்தாள்.

"அய்யய்யோ!" என்றது கொட்டகை முழுதும் ஒரே குரலில். "மாட்டேன்னுட்டாளே!"

இத்தனை நாளும் அவர் பார்க்கக் காத்திருந்த முகம் அதுதான். உப்புக் கிண்ணத்தைப் பார்த்துக் குனிந்திருந்தது. ஒன்றும் தெரியவில்லை. கன்னம் தெரிந்தது, கண் தெரியவில்லை. பார், உன் அதிர்ஷ்டத்தை, இந்த முறை உன் முகம் முழுசாக விழுந்தது, விழ வேண்டிய முகம் விழவில்லை!

ஆம், அவர் முகம்தான் முழுசாக விழுந்திருந்தது. ஒளிவு மறைவில்லாமல், திரை அளவுக்கு. அந்தத் தலையசைப்பைப் பார்த்ததும் அது எப்படி வாடியது, மீசை எப்படித் தொங்கியது, பெரிய மனுஷன் எப்படி எச்சில் விழுங்கிக்கொண்டு ‘சரி’ என்று தலையை ஆட்டினார் என்பதை எல்லோரும் பார்த்தார்கள். பின்வரிசையில் சிரித்துக்கொண்டிருந்தவர்கள்கூட நிறுத்திக்கொண்டார்கள்.

பியானோ நின்றுவிட்டது.

தெஸ்பினா கையை மடியில் வைத்துக்கொண்டு திரையையே அண்ணாந்து பார்த்துக்கொண்டிருந்தாள். அன்றைக்கு அவள் பார்க்காத முகம் அது. அன்று அவள் நிமிர்ந்தபோது கண்ணில் பட்டது அமைச்சரை நோக்கி ஓடிய முதுகு மட்டும்தான். ஆமாம் என்று சொன்னதும் ஓடிப்போன ஒரு மனிதனின் முதுகு என்றுதான் இத்தனை நாளும் நினைத்துக்கொண்டிருந்தாள்.

"கடவுளே!" என்று அவள் சொன்னது அந்த அமைதியில் கடைசி பெஞ்சு வரை கேட்டது. "வேலிச்கோ, நீங்க... நான் மாட்டேன்னதாவா நினைச்சீங்க?"

அவள் எழுந்தாள். திரை வெளிச்சத்துக்கு வந்து, ஜனத்தைப் பார்த்துத் திரும்பி நின்றாள். வர்பினாவில் பிறந்தவள் ஆட்டுவதுபோல, கடைசி வரிசைக்கும் தெரியும்படி, தலையைப் பக்கவாட்டில் நன்றாக ஆட்டினாள். இடமும் வலமும், வலமும் இடமும்.

கொட்டகை கூரை பறக்கும்படி கத்தியது. எல்லோரும் கர்த்தாலோவைத் திரும்பிப் பார்த்தார்கள். அவர் மூக்குவரை இறங்கியிருந்த தொப்பியை மேலே தள்ளினார். அவள் நமக்காக நம் மாதிரி ஆட்டிவிட்டாள், நாமும் அவளுக்காக அவள் மாதிரி ஆட்ட வேண்டாமா? எழுந்து நின்று, கண்ணில் நீர் வழிய, வியன்னாக்காரர்கள் செய்வதுபோல் தலையை மேலும் கீழும், மேலும் கீழும் பலமாக அசைத்தார்.

"அடப்பாவி!" என்று புக்கோ மேலே படம் ஓட்டும் ஜன்னலிலிருந்து அலறினான். "இப்ப இவன் மாட்டேங்கறானே!"

"மாட்டேனா?" கர்த்தாலோவ் பதறிப்போய்த் தலையைப் பக்கவாட்டில் ஆட்டினார். உடனே, அது வியன்னாவில் இல்லை ஆயிற்றே என்று நினைவு வர, மறுபடி மேலும் கீழும். பிறகு இரண்டும் கலந்து தலை ஒரு வட்டம் அடித்தது. தெஸ்பினா வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள்.

"வாயைத் தொறந்து சொல்லுங்களேன்!" என்றாள்.

வாயைத் திறந்து சொன்னார். ஆனால் அந்த ஆரவாரத்தில் யாருக்கும் கேட்கவில்லை. கேப்டன் ஸ்தமாத் முன்வரிசையிலிருந்து திரும்பி, பெஞ்சின் மேலேயே ஏறிவிட்டார்.

"இருட்டா இருக்குய்யா! உதடு தெரியலை! வெளிச்சத்துக்கு வாய்யா, மேயரே!"

கர்த்தாலோவ் கால்களையும் விதைத் தோல்களையும் மிதித்துக்கொண்டு, ஓட்டமும் நடையுமாக, திரைக்கு முன்னால் படத்தின் ஒளி விழும் இடத்துக்குப் போனார். வாத்து நடைதான், சந்தேகமே இல்லை. பின்னால் திரையில் அமைச்சர் குழாயைத் திறந்துகொண்டிருந்தார். அமைச்சரின் மேல் மேயரின் நிழல் விழுந்து, தொப்பி முதல் தொப்பை வரை முழுசாக, திரையின் நட்ட நடுவில் நின்றது. வெளிச்சம் கண்ணைக் கூச, கேப்டனைப் பார்த்து, ஒவ்வொரு எழுத்தாக உதட்டைக் குவித்துச் சொன்னார்.

"ஆமாங்கறான்!" என்று கேப்டன் ஊருக்குப் படித்துக் காட்டினார். "ஆமா, ஆமாங்கறான்! அப்புறம்... இருங்க, இன்னும் என்னமோ சொல்றான்... 'பூட்ஸ் கடிக்குது'ங்கறான்யா!"

தெஸ்பினா திரும்பிப் போய்ப் பியானோவில் உட்கார்ந்து, வாத்து மெட்டை அவர் கேட்ட வேகத்துக்கே வாசித்தாள்.